வாசலும் படிமமும்

1

படிமம் என்ற சொல்லைக் கவிதைக்காக மட்டுமே நாங்கள் வைத்திருந்த காலம் ஒன்று இருந்தது. 1959-இல் சி. சு. செல்லப்பா ‘எழுத்து’ பத்திரிகையைத் தொடங்கியபின் புதுக்கவிதையைச் சுற்றி எழுந்த சர்ச்சைகளில் அந்தச் சொல் ஊறி வளர்ந்தது. நான் எழுத ஆரம்பித்த எழுபதுகளில், உவமையிலிருந்தும் உருவகத்திலிருந்தும் குறியீட்டிலிருந்தும் படிமத்தைப் பிரித்துக் காட்டத் தெரியாதவன் விமர்சனம் பேச லாயக்கற்றவன். எஸ்ரா பவுண்ட் 1913-இல் கொடுத்த இலக்கணத்தை ஆளுக்கொரு விதமாகத் தமிழ்ப்படுத்தி வைத்திருந்தோம். அறிவும் உணர்ச்சியும் பின்னிய ஒன்று, விளக்கமின்றி, ஒரே கணத்தில் எதிரே வந்து நிற்க வேண்டும் என்பது அதன் சாரம். வேறொன்றுக்குப் பதிலாக வந்து நிற்பது படிமமாகாது. தானாகவே நிற்க வேண்டும்.

இன்று தமிழ் விக்கிப்பீடியாவில் ஒரு போட்டோவின் பெயருக்கு முன்னால் ‘படிமம்’ என்ற சொல் நிற்கிறது. ஆட்டுக்குட்டி போட்டோவும் படிமம், பஸ் ஸ்டாண்டும் படிமம், ஜில்லாவின் வரைபடமும் படிமம். சொல் தன் பழைய வீட்டுக்கே திரும்பிவிட்டது என்றும் சொல்லலாம். படிமை என்றால் உரு, பிரதிமை. கண்ணாடிக்குப் படிமக்கலம் என்று பழைய பெயர் உண்டு. ஆனாலும் கவிதையில் அந்தச் சொல்லுக்கு நாங்கள் ஏற்றிவைத்த கனம் இந்தப் புது இடத்தில் என்ன ஆகிறது என்ற கேள்வி, வேலை என்று ஒன்று வந்து சேர்ந்தபோது, எனக்கு விலக்க முடியாததாகிவிட்டது.

வேலை இதுதான். சிங்கப்பெருமாள் கோயிலில் என் தெருவில் குடியிருக்கும் ஒரு இளைஞர், பக்கத்துத் தொழிற்பேட்டையில் கம்ப்யூட்டர் வேலை பார்ப்பவர், விக்கிப்பீடியாவில் பல வருஷங்களாக எழுதிவருகிறார். 2019 நவம்பரில் காஞ்சிபுரத்திலிருந்து பிரிந்து செங்கல்பட்டு தனி மாவட்டமானது. அதற்கு ஒரு வலைவாசல் அமைக்கவேண்டும் என்பது அவர் ஆசை. வலைவாசல் என்பது ஒரு பொருளைப்பற்றிய கட்டுரைகளுக்கெல்லாம் சேர்த்து வைக்கும் தலைவாசல். பட்டியலாக இல்லாமல் படங்களாக இருக்கவேண்டும், தொட்டால் உரிய கட்டுரைக்குப் போகவேண்டும் என்றார். முப்பது வருஷம் டிராயிங் மாஸ்டராக இருந்தவன் என்பதால் என்னிடம் வந்தார்.

“சார், ஜனங்க இப்ப லிஸ்டெல்லாம் படிச்சுக்கிட்டு இருக்க மாட்டாங்க. படத்தப் பாத்தா தொடுவாங்க. தொட்டா உள்ள போயிடுவாங்க.”

எனக்கு முதலில் இந்தத் தர்க்கம் பிடிக்கவில்லை. அடுத்து அவர் சொன்னது என்னை உட்கார வைத்தது. “எங்க அம்மாவுக்கு எழுத்துக்கூட்டித்தான் படிக்க வரும். கட்டுரைய போனே படிச்சுக் காட்டிடும். ஆனா எந்தக் கட்டுரைன்னு தேர்ந்தெடுக்கணுமே சார், அதுக்குத்தான் படம்.”

2

அறிவுத்தொகை ஒன்றுக்குள் நுழைய வழி எது என்பது தமிழுக்குப் புதிய கேள்வியல்ல. நிகண்டுகள் பொருளால் வழி வகுத்தன. திவாகரமும் சூடாமணியும் உலகத்தைப் பன்னிரண்டு தொகுதிகளாகப் பகுத்தன. தெய்வப் பெயரில் தொடங்கி, மக்கள், விலங்கு, மரம், இடம் என்று இறங்கி, பண்பு, செயல், ஒலி என்று நுணுகிச் செல்லும். அகரவரிசை தெரிந்தால் நிகண்டில் எதையும் தேடிவிட முடியாது. அது மனப்பாடம் செய்வதற்கானது. வாசிக்கிறவன் வாசலில் நிற்பதில்லை, முழு வீட்டையும் தலைக்குள் சுமந்து திரிகிறான். வீரமாமுனிவரின் சதுரகராதி 1732-இல் அகரவரிசையைக் கொண்டுவந்தது. அவரும் பெயர், பொருள், தொகை, தொடை என்று நான்கு வாசல் வைத்தார் என்பது கவனிக்கத்தக்கது. அகரவரிசை மட்டும் போதாது, கூட்டமாக நிற்கும் பொருள்களுக்குத் தொகை என்று ஒரு தனி வாசல் வேண்டும் என்று அவருக்குப் பட்டிருக்கிறது.

பிறகு வந்தவை அகரவரிசையிலேயே நின்றன. 1910-இல் ஆ. சிங்காரவேலு முதலியாரின் அபிதான சிந்தாமணி. 1954 முதல் 1968 வரை பெ. தூரனை ஆசிரியராகக் கொண்டு பத்துத் தொகுதிகளாக வந்த கலைக்களஞ்சியம். அகரவரிசை ஒரு ஜனநாயகம். அரசனும் அவரைக்காயும் ஒரே வரிசையில் நிற்கவேண்டும். ஆனால் அதற்கு வாசகன் எதைத் தேடுகிறான் என்பதும் அதன் பெயரும் முன்கூட்டியே தெரிந்திருக்க வேண்டும். இன்றைய தேடுபெட்டியும் இந்த விஷயத்தில் அகரவரிசையின் வாரிசுதான். பெயர் தெரியாதவனுக்கு அதில் கதவில்லை.

தமிழ் விக்கிப்பீடியா 2003-இல் தொடங்கியது. அதற்கு அடித்தளம் போட்ட இ. மயூரநாதன் யாழ்ப்பாணத்தவர், தொழிலால் கட்டடக் கலைஞர். இது எனக்கு வெறும் தற்செயலாகப் படவில்லை. ஒரு கட்டடத்துக்குள் வருகிறவன் எந்தப் பக்கமாக வருவான், முதலில் எதைப் பார்ப்பான் என்று யோசிக்கப் பழகிய ஒருவர் அங்கே முதலில் உட்கார்ந்திருக்கிறார். 2017 மே மாதத்தில் அங்கே கட்டுரைகள் ஒரு லட்சத்தைத் தாண்டின. ஒவ்வொரு கட்டுரையின் அடியிலும் பகுப்பு என்று ஒரு வரி உண்டு. அது நிகண்டின் தொகுதிதான், ஆனால் ஒரு கட்டுரை ஒரே சமயத்தில் பல தொகுதிகளில் நிற்கலாம். சிங்கப்பெருமாள் கோயில் ஊராகவும் நிற்கும், வைணவத் தலமாகவும் நிற்கும், குடைவரையாகவும் நிற்கும், ரயில் நிலையமாகவும் நிற்கும்.

ஆக, வழிகள் ஏற்கெனவே உண்டு. படவாசல் அதற்குமேல் என்ன சேர்க்கிறது? பெயர் தெரியாத ஒருவர் பார்த்த மாத்திரத்தில் ‘இது’ என்று கைவைக்க முடிகிறது. இளைஞரின் தாயார் விஷயத்தில் இது சின்ன லாபமல்ல. அறிவுத்தொகைகளின் வரலாற்றில் படத்தை நம்பியவர்கள் எல்லோருமே இந்த லாபத்துக்காகத்தான் நம்பினார்கள். திதரோவின் பிரெஞ்சுக் கலைக்களஞ்சியம் 1751 முதல் 1772 வரை வந்தது: எழுத்து 17 தொகுதி, படம் 11 தொகுதி. ஆணி அடிப்பவனின் பட்டறையும் கண்ணாடி ஊதுபவனின் உலையும் அறிஞர் புத்தகத்தில் இடம்பெற்றது அந்தப் படங்களால். வியன்னாவில் 1925-இல் ஓட்டோ நியூராத் தொழிலாளிகளுக்காக ஒரு மியூசியம் தொடங்கிப் புள்ளிவிவரங்களைச் சின்னச் சின்ன உருவங்களாக்கிச் சுவரில் மாட்டினார். கெர்ட் ஆர்ன்ட்ஸ் என்ற மரச்செதுக்கு ஓவியர் அந்த உருவங்களைச் செய்தார். மொழி பிரித்துவைக்கிற இடத்தில் படம் சேர்த்துவைக்கும் என்பது நியூராத்தின் நம்பிக்கை. இன்று ஸ்டேஷன் கழிப்பறைக் கதவில் காண்கிற மனித உருவத்துக்கு அந்தப் பட்டறையோடு உறவு உண்டு.

அந்த உருவம் யாருமில்லை. அது யாராகவும் இருக்கலாம் என்பதால்தான் வேலை செய்கிறது. கவிதையின் படிமம் இதற்கு நேர் எதிர். அது இந்தக் கதவு, இந்த வெயில், இந்த எறும்பு. வலைவாசலுக்கு எது வேண்டும் என்று நான் கேட்டபோது இளைஞருக்குக் கேள்வி புரியவில்லை. “நல்லா தெரியற படமா இருந்தா போதும் சார்” என்றார்.

3

அவர் முதலில் கொண்டுவந்த யோசனை அழகானது. மாமல்லபுரத்தின் பெரிய புடைப்புச் சிற்பத்தையே பக்கமாக வைத்துவிடலாம் என்றார். படத்தின்மேல் எந்த இடத்தைத் தொட்டால் எந்தக் கட்டுரைக்குப் போகவேண்டும் என்பதை எண்களால் எழுதிவைக்க முடியும்: இடமிருந்து இத்தனை புள்ளி, மேலிருந்து இத்தனை புள்ளி. யானையைத் தொட்டால் விலங்குகள். நடுப்பிளவில் நாகங்கள் நீந்தும் இடத்தைத் தொட்டால் ஏரிகள், ஆறுகள். வேடரைத் தொட்டால் மக்கள். ஒற்றைக்காலில் நிற்கும் தவசியைத் தொட்டால் கோயில்கள். கீழே பின்னங்காலில் எழுந்து கைதூக்கி நிற்கும் பூனையைத் தொட்டால்? “அரசியல்” என்று நான் சொன்னேன். இருவரும் சிரித்தோம்.

சிரித்தபின் யோசிக்க வேண்டியிருந்தது. அந்தப் பாறை ஏற்கெனவே ஒரு வாசல் பக்கம்தான். எழுத்துத் தெரிந்தவனுக்கும் தெரியாதவனுக்கும் சேர்த்தே செதுக்கியது. எங்கிருந்தும் பார்வையைத் தொடங்கலாம். விளக்கக் கல்வெட்டு அதில் கிடையாது. அதன் விளைவையும் பார்க்க வேண்டும். இன்றுவரை அதற்கு ஒரு பெயர் நிலைக்கவில்லை. அர்ஜுனன் தபசு என்கிறது ஒரு கட்சி. பகீரதன் தவம், கங்கை இறங்குகிறது என்கிறது இன்னொரு கட்சி. இரண்டையும் சேர்த்தே வைப்பதுதான் பல்லவச் சிற்பியின் நோக்கம் என்று வாதிடும் ஆராய்ச்சியாளர்களும் உண்டு. சொல் இல்லாததால் சிற்பம் ஏழையாகிவிடவில்லை, வளமாகத்தான் இருக்கிறது. ஆனால் வழிகாட்டிப் பலகை அப்படி வளமாக இருக்க முடியாது. செங்கல்பட்டுக்குப் போகிற பலகை மதுராந்தகத்துக்கும் போகலாம் என்று பொருள்பட நின்றால் பஸ்ஸை விட்டுவிடுவோம்.

இரண்டாவது, யானையை விலங்குகளுக்கான பொத்தானாக்கிய நிமிஷத்தில் அது யானையாக இருப்பதை நிறுத்திக்கொள்கிறது. தொடுகிற விரலுக்கு யானை தடை. யானையைத் தாண்டித்தான் போகவேண்டும். பாறையின் முன்னால் ஒரு மணி நேரம் நின்றவனுக்கு இது என்ன இழப்பு என்று தெரியும். மூன்றாவது காரணம் தொழில் சம்பந்தமானது. நம் ஜனங்கள் விக்கிப்பீடியாவைப் போனில்தான் பார்க்கிறார்கள். படம் திரைக்கேற்பச் சுருங்கும்; எழுதிவைத்த எண்கள் கூடவே சுருங்குவதில்லை. பூனையின்மேல் விரல் வைத்தால் யானைக்குரிய கட்டுரை திறக்கும். சுருங்கிய பூனையோ விரல்நுனியைவிடச் சிறியது.

நான்காவதுதான் எனக்கு முக்கியம். செங்கல்பட்டு மாவட்டத்தில் எட்டு தாலுகாக்கள். பல்லாவரமும் தாம்பரமும் உண்டு, செய்யூரின் உப்புக் காற்றும் உண்டு. இவை அனைத்துக்கும் பல்லவப் பாறை ஒன்றையே வாசலாக்கினால், நாம் யார் என்ற கேள்விக்கு நல்ல போட்டோ விழுகிற இடம்தான் பதில் என்றாகிறது. யுனெஸ்கோ 1984-இல் மாமல்லபுரத்தை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. படம் எடுக்கிறவர்கள் அங்கேதான் போகிறார்கள். படம் இருக்கிற இடத்துக்கு வாசல் பெரிதாகிறது. வாசல் பெரிதான இடத்துக்கு மேலும் படம் வருகிறது. அறிவின் வரிசையைக் காமிரா நிர்ணயித்துவிடும்.

இன்னொரு யோசனை என் நண்பர்களிடமிருந்து வந்தது: ஐந்திணையாகப் பிரித்துவிடலாமே. நிலம், தெய்வம், மரம், பறவை, பறை, தொழில் எல்லாம் ஒரே முடிச்சில் கிடைக்கும். தமிழனுக்கு இதைவிட என்ன வாசல் வேண்டும்? கேட்க இனிமையாக இருக்கிறது. கேளம்பாக்கத்து உப்பளம் நெய்தலுக்குச் சரி. ஏரிப்பாசனம் மருதத்துக்குச் சரி. ஜி.எஸ்.டி. ரோட்டின் கார் தொழிற்சாலைகளை எங்கே வைப்பது? பாலையில் வைக்கலாம் என்று ஒருவர் சொன்னார். மேடையில் கைதட்டு வாங்கித் தரும் பேச்சு அது. ஷிப்டு முடிந்து பஸ்ஸுக்கு நிற்கிற பெண்ணுக்கு அதனால் ஒரு தகவலும் கிடைக்காது. திணை கவிதைக்குள் கண்டுபிடிக்கப்பட்ட ஒழுங்கு. மாவட்டத்தின்மேல் அதைப் போர்த்தினால் இரண்டுமே மறைந்துபோகும்.

4

கடைசியில் எளிய கட்டங்கள் என்று தீர்மானித்தோம். போன் திரையில் மூன்று மூன்றாக நான்கு வரிசை, மொத்தம் பன்னிரண்டு. நிகண்டின் கணக்கோடு ஒத்துப்போனது திரையின் அகலத்தால். ஒவ்வொரு கட்டத்திலும் ஒரு படம், அடியில் பெயர். இளைஞர் தன் பயனர் பக்கத்தின் கீழ் ஒரு மணல்தொட்டியில் வரைவைப் போட்டார். சோதனைப் பக்கத்துக்கு அங்கே வைத்திருக்கும் பெயர் அது. எழுதிப் பழகிய திண்ணைப் பள்ளியின் மணலை நினைவுபடுத்துகிற பெயர்.

ஏரிகளுக்கு என்ன படம்? இந்த ஜில்லாவை ஏரி மாவட்டம் என்று சொல்கிறோம். ஆனால் ஏரி படத்துக்கு அடங்குவதில்லை. மார்கழியில் எடுத்தால் எல்லா ஏரியும் ஒரே தண்ணீர். சித்திரையில் எடுத்தால் எல்லாம் ஒரே வெடித்த மண். நான் மதகைச் சொன்னேன். ஏரியை மனிதன் ஏரியாக்கிய இடம் மதகு. தண்ணீர் யாருக்கு எப்போது என்ற வழக்கெல்லாம் அங்கேதான் நிற்கிறது. இளைஞர் ஒரு கல் மதகைப் படம் பிடித்துவந்தார்.

அவர் தாயாரிடம் போனைக் கொடுத்தோம். அந்த அம்மாள் கட்டங்களை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டு வந்து மதகில் நின்றார். தொடவில்லை.

“இது எந்த ஊரு மதகு?”

“அது பொதுவா ஏரிக்குப் போட்டிருக்கும்மா.”

“பொதுவா எப்பிடிடா மதகு இருக்கும்? ஒரு ஊர்லதான இருக்கும்?”

எழுபதுகளில் நாங்கள் பக்கம் பக்கமாக எழுதிய வித்தியாசத்தை அந்த அம்மாள் ஒரு வாக்கியத்தில் முடித்துவிட்டார். நியூராத்தின் மியூசியத்தில் அவர் மோசமான பார்வையாளராக இருந்திருப்பார். கவிதைக்கு நல்ல வாசகர். போட்டோவைப் பொத்தானாக்கலாம், ஆனால் போட்டோ தன் ஊரை விட்டுக்கொடுப்பதில்லை. சித்திரக் குறி வேறு, படிமம் வேறு. குறி எல்லா ஏரிக்கும் பொது. படிமம் ஒரு ஏரியில் நிற்கிறது. அங்கே ஊன்றி நிற்பதால்தான் மற்ற ஏரிகளை நினைக்க வைக்கிறது. படங்களுக்கடியில் பெயர் மட்டும் இருந்த இடத்தில் ஊரையும் சேர்த்தோம். இந்தத் திருத்தம் அந்த அம்மாளுடையது.

என் ஊருக்கான கட்டம் இன்னொரு சிக்கலைக் கொண்டுவந்தது. பெயரிலேயே தொடங்குகிறது அது. கோயில், கோவில், சிங்கப்பெருமாள், சிங்கபெருமாள், அவசரக்காரர்களுக்கு எஸ்.பி. கோயில். விக்கிப்பீடியா இதற்கு வழிமாற்று என்று ஒரு நல்ல ஏற்பாடு வைத்திருக்கிறது. எந்த எழுத்தில் தேடினாலும் ஒரே பக்கத்துக்குக் கொண்டுவந்து விட்டுவிடும். சொல்லுக்கு வழிமாற்று சாத்தியம். படத்துக்கு?

பாடலாத்ரி நரசிம்மர் கோயிலில் மலையைக் குடைந்த குகைதான் கருவறை; மலைதான் மூலவர். அதனால் மூலவரைச் சுற்றிவர உள்ளே வழி கிடையாது. பிரதட்சிணம் செய்ய வேண்டுமானால் வெளியே வந்து குன்றையே சுற்றவேண்டும். தீபாராதனையின்போது அர்ச்சகர் நெற்றித் திருமண்ணைச் சற்று விலக்கி மூன்றாவது கண்ணைக் காட்டுவார். விளக்கு வெளிச்சத்தில் ஓரிரு விநாடி. இந்தக் கோயிலுக்கு வருகிறவர்கள் வருவது அந்த விநாடிக்காக. அதற்குப் படம் இல்லை, இருக்கவும் வேண்டாம். கோபுரத்தின் படம் இருக்கிறது. ஆயிரம் ஊர்க் கோபுரங்களைப் போல அதுவும் ஒன்று. எந்தக் கணத்தால் இந்த இடம் இந்த இடமாக இருக்கிறதோ அந்தக் கணம் வாசலுக்கு வெளியே நின்றுவிடுகிறது. பவுண்டின் இலக்கணப்படிப் பார்த்தால் இந்த ஊரின் உண்மையான படிமம் அது ஒன்றுதான்.

நான் குன்றின் பின்புறத்தைப் படம் எடுக்கச் சொன்னேன். கோபுரம் தெரியாது. பாறை, புதர், சுற்றுகிறவர்கள் மிதித்து உண்டான பாதை. உள்ளே இருக்கிறவரைப் பார்க்க முடியாமல் அவரைச் சுற்றிவருகிறவர்கள் பார்ப்பது இதைத்தான்.

5

வாசலில் நிற்க ஒரு படமும் கிடைக்காத விஷயங்கள் இருந்தன. அவற்றைப் பற்றித்தான் எங்கள் இருவருக்கும் இடையே நீண்ட பேச்சு நடந்தது.

1891-இல் செங்கல்பட்டு கலெக்டராக இருந்த டிரெமென்ஹீர், இந்த ஜில்லாவின் பறையர்களின் நிலைமையைப் பற்றி அரசுக்கு ஓர் அறிக்கை எழுதினார். நிலமின்மையே அவர்கள் அடிமைத்தனத்தின் வேர் என்பது அதன் மையம். அதையொட்டி 1892-இல் தாழ்த்தப்பட்ட மக்களுக்கு நிலம் ஒதுக்கும் அரசாணை வந்தது. பஞ்சமி நிலம் என்று இன்று தமிழகம் முழுக்கப் பேசப்படுகிற விஷயம் இந்த ஜில்லாவின் கச்சேரியில் எழுதிய காகிதத்திலிருந்து பிறந்தது. அந்த நிலங்களின் பெரும்பகுதி கைமாறிப்போனது. காரணை கிராமத்துப் பஞ்சமி நிலத்தை மீட்கும் போராட்டத்தில் 1994 அக்டோபரில் செங்கல்பட்டில் நடந்த துப்பாக்கிச் சூட்டில் ஜான் தாமஸ், ஏழுமலை இருவரும் உயிரிழந்தார்கள்.

இதற்கு என்ன படம் போடுவது? பஞ்சமி நிலத்தைப் படம் எடுத்தால் நிலம்தான் விழும். வேலிக்காத்தான், ஒரு பனை, தூரத்தில் ஒரு காம்பவுண்டு சுவர். அது யாருடைய நிலம் என்பது காமிராவுக்குத் தெரியாது. அது பதிவேட்டில் இருக்கிறது, நினைவில் இருக்கிறது, ஆகவே சொல்லில் மட்டும் இருக்கிறது. சிலையின் படம் போடலாம் என்றார் இளைஞர். சிலை இன்னொரு கட்டுரைக்கான வாசல்.

திருமணி இன்னொன்று. மத்திய அரசு 1955-இல் அங்கிருந்த பழைய தொழுநோய் மருத்துவமனையை ஏற்றுக்கொண்டு பயிற்சிக்கும் ஆராய்ச்சிக்குமான நிலையமாக்கியது. செங்கல்பட்டின் பெயரை உலக மருத்துவத்தில் தெரியவைத்த இடம் அது. தொழுநோய்க்கு உலகெங்கும் வழக்கமாகப் போடுகிற படம் ஒன்றே ஒன்றுதான்: மழுங்கிய விரல்கள். நோய் குணமாகும் என்று கட்டுரை உள்ளே சொல்லும்; குணமாகாது என்று வாசலில் படம் சொல்லும். கட்டடத்தைப் போட்டால் எந்தச் சர்க்கார் ஆபீஸும் ஆகலாம். மருந்துப் பட்டையைப் போட்டால் எந்த வியாதியும் ஆகலாம்.

படம் கிடைக்காத இடத்தில் ஒரு சாம்பல் கட்டத்தை வைத்து ‘படம் இல்லை’ என்று எழுதுவது எல்லா இடங்களிலும் நடக்கிற வழக்கம். அது காலி நாற்காலி. பார்க்கிறவனுக்கு அந்த விஷயமே இன்னும் வந்து சேரவில்லை என்ற எண்ணம் உண்டாகும். இன்னொரு வழக்கம், படம் உள்ள வேறொரு தலைப்பை அந்த இடத்தில் வைத்துவிடுவது. பறவைகளுக்கு வேடந்தாங்கல் இருக்கிறது, முதலைகளுக்கு வடநெம்மேலிப் பண்ணை இருக்கிறது. கட்டம் காலியாக இருக்கவேண்டிய அவசியமே இல்லை. பக்கம் அழகாக இருக்கும். பஞ்சமி நிலம் பட்டியலின் அடியில் எங்கோ போய்விடும். யாரும் அதைத் தள்ளியிருக்க மாட்டார்கள், வடிவமைப்பே தள்ளியிருக்கும்.

நான் கேட்டது மூன்றாவது வழி: அதே அளவு கட்டம், அதே கரை, உள்ளே படத்துக்குப் பதிலாக ஒரு வாக்கியம். பெரிய எழுத்தில்.

“ரெண்டு மூணு கட்டம் மட்டும் எழுத்தா இருந்தா, முடிக்காம விட்ட மாதிரி இருக்கும் சார்.”

“முடியலதானே, தம்பி.”

6

என் வயதுக்காரர் ஒருவர், கண் பார்வையில்லாதவர், பள்ளியில் தமிழ் நடத்தி ஓய்வுபெற்றவர். திரையில் இருப்பதைக் குரலாகப் படிக்கும் ஏற்பாட்டோடு கம்ப்யூட்டர் பயன்படுத்துகிறார். எங்கள் வரைவை அவரிடம் கொடுத்தேன். கருவி படித்தது: இணைப்பு, படிமம், டி.எஸ்.சி. பூஜ்ஜியம் நாலு ஒன்று இரண்டு. இணைப்பு, படிமம், ஐ.எம்.ஜி. இரண்டு பூஜ்ஜியம் இரண்டு... காமிரா வைத்த பெயர்களை அப்படியே வரிசையாக ஒப்பித்தது.

“என்னப்பா, ஊருக்கெல்லாம் வாசல் வச்சுட்டு எனக்கு நம்பர் பிளேட்டக் காட்டற” என்றார்.

படத்துக்குப் பதிலாகக் காதுக்குச் சொல்ல ஒரு வாக்கியத்தைப் படத்தோடு பொதிந்துவைக்க வசதி உண்டு. பெரும்பாலோர் அதைக் காலியாக விட்டுவிடுகிறார்கள், அல்லது தலைப்பையே திரும்ப எழுதுகிறார்கள். அதை எழுதும் வேலையை நான் ஏற்றுக்கொண்டேன். வாழ்நாளில் நான் செய்த கடினமான எழுத்து வேலைகளில் இது ஒன்று. ஒரு வாக்கியம், அல்லது இரண்டு. விளக்கக்கூடாது, வர்ணிக்கக்கூடாது, கேட்கிறவர் எதை நோக்கிப் போகிறோம் என்று அறியவேண்டும், போகத் தோன்றவும் வேண்டும்.

மதகுக்கு எழுதியது: ஏரிக்கரையில் கல் மதகு, கோடை, தண்ணீர் இல்லை, பலகையை ஏற்றி வைத்திருக்கிறார்கள்.

என் ஊருக்கு: குன்றின் பின்புறம், கோபுரம் தெரியாது, சுற்றிவருகிறவர்கள் பார்ப்பது இது.

1863-இல் ராபர்ட் புரூஸ் ஃபுட் பல்லாவரத்தில் ஒரு கல்லைக் கண்டெடுத்தார். இந்தியாவின் பழைய கற்காலத்தைப் பற்றிய ஆராய்ச்சி அந்தக் கல்லில் தொடங்குகிறது. படத்தில் அப்படிப்பட்ட கல் சாலையோர ஜல்லியிலிருந்து வேறுபடாது. அதற்கு: உள்ளங்கை அளவு கல், ஒரு பக்கம் மனிதன் கொத்திக் கூராக்கியது.

இந்தக் கடைசி வாக்கியத்தைக் கேட்டதும் நண்பர் தன் உள்ளங்கையை மடக்கினார். படத்தைப் பார்த்த பலரில் ஒருவரும் அதைச் செய்யவில்லை. படிமம் என்று நாங்கள் எதைச் சொன்னோமோ அது, படம் சென்று சேராத ஒருவரிடம், சொல்லின் வழியாகப் போய்ச் சேர்ந்திருந்தது. அவருக்கென்று எழுதிய வாக்கியங்களைப் படங்களுக்கு அடியிலும் எல்லோரும் காணும்படி போட்டுவிடலாம் என்று இளைஞர்தான் சொன்னார். எழுத்துக் கட்டங்கள் அதன்பின் அரைகுறையாகத் தெரியவில்லை. பக்கம் முழுவதற்கும் ஒரே குரல் கிடைத்துவிட்டது.

நண்பர் சொன்ன இன்னொன்றும் உண்டு. கண்ணுக்குப் பன்னிரண்டு கட்டமும் ஒரே சமயத்தில் தெரியும். காதுக்கு ஒன்றன்பின் ஒன்றாகத்தான் வரும். அப்போது எது முதல் என்பது பெரிய விஷயமாகிவிடுகிறது. நிகண்டு பாடினவன் இதை அறிந்திருந்தான், தெய்வத்தில் தொடங்கினான். நாங்கள் முதல் கட்டத்தில் ஏரியை வைத்தோம். இரண்டாவதில் பஞ்சமி நிலம். தண்ணீருக்கு அடுத்து நிலம் என்ற வரிசைக்கு யாரும் காரணம் கேட்கவில்லை. மாமல்லபுரம் ஐந்தாவது. அதைத் தேடி வருகிறவர்கள் எங்கே வைத்தாலும் கண்டுபிடித்துக்கொள்வார்கள். அதற்குப் போட்டது கடற்கரைக் கோயிலல்ல, பாறையின் கீழ்ப்பகுதியில் நிற்கும் பூனை மட்டும்.

பன்னிரண்டாவது கட்டத்திலும் எழுத்துத்தான். இன்னும் எழுதப்படாத கட்டுரைகளின் பட்டியலுக்கு அது வாசல். விக்கிப்பீடியாவில் இல்லாத பக்கத்தின் பெயர் சிவப்பில் தெரியும். தொட்டால் எழுதச் சொல்லி ஒரு வெற்றுப்பெட்டி திறக்கும். பட்டியலில் பெரும்பாலும் ஏரிகளின் பெயர்களும் சிற்றூர்களின் பெயர்களும் இருக்கின்றன. இந்தப் பத்திரிகையை வாசிக்கிறவர்களில் சிலருக்கு மதுராந்தகத்துக்கும் செய்யூருக்கும் இடையே ஊர் உண்டு என்பது எனக்குத் தெரியும். படம் வேண்டியதில்லை. ஊர் ஏரியின் பெயர், எத்தனை மதகு, தண்ணீர் எந்த ஊர் வரைக்கும் போகிறது, அச்சில் எங்கே சான்று இருக்கிறது — இவ்வளவு போதும்.